பத்து வருசக் குளிருக்கு எத்தனை மூட்டை கேப்பை?

வா பேராண்டி, இப்படித் திண்ணையில உக்காரு. நாவல் எழுதப் போறியாமே, உங்கம்மா சொன்னா. சொல்லும்போது அவ மொகத்துல இருந்தது சந்தோசமா கவலையான்னு எனக்குப் பிடிபடல. இல்லாத ஒரு தேசம், அங்க ஆகாசத்துல யாருக்கும் காரணம் தெரியாத ஒரு அதிசயம்... அதான கதை? நல்லது. கேப்பையில நெய் வடியுதுன்னு சொல்றவன் எப்பவும் பொழைச்சுக்குவான். கேக்குறவன் பாடுதான் திண்டாட்டம். நீ சொல்ற பக்கமாப் போய் நின்னுக்கிட்ட, சூட்டிகையான பய.

ஆனா ஒண்ணு. போன மாசம் பூரா ராத்திரிக்கு ராத்திரி எனக்கு ஒரு கதை சொன்னியே, மார்ட்டின்னு ஒரு அமெரிக்காக்காரர் எழுதுனது, வெஸ்டெராஸ்னு ஒரு தேசம். அங்க கோடையும் குளிரும் மாசக்கணக்குல வராது, வந்தா வருசக்கணக்கு. எப்ப வரும், எப்பப் போகும்னு ஒருத்தருக்கும் தெரியாது. கதை நடக்குறப்பக் கோடை பத்து வருசத்தைத் தாண்டி ஓடிருச்சுன்ன. படிச்ச பெரியவங்க ஒரு மடத்துல உக்காந்து பகல் பொழுதை அளந்துக்கிட்டே இருந்து, பொழுது சுருங்குதுன்னு தெரிஞ்சதும் வெள்ளை அண்டங்காக்காயைப் பறக்கவிட்டு சேதி சொல்லுவாங்கன்ன. நீ 700 அடி உசரத்துப் பனிச்செவுரு, டிராகன்னு கண்ணை உருட்டிக்கிட்டு இருந்த. நான் மனசுக்குள்ள மூட்டை எண்ணிக்கிட்டு இருந்தேன்.

சிரிக்காத. நீயே கணக்குப் போடு. ஒரு ஆளுக்கு நாளைக்கு அரைக் கிலோ தானியம். பத்து வருசத்துக்கு 1,825 கிலோ. அஞ்சு பேர் இருக்குற வீட்டுக்கு 9,125. நூறு கிலோ மூட்டையா அடுக்குனா தொண்ணூத்தியொரு மூட்டைக்கு மேல. நம்ம வீட்டுல எங்காலத்துல இருந்த குலுக்கை மாதிரி எத்தனை வேணும்? சரி, வச்சாச்சு. நெல்லுல அந்து விழும், சோளத்துல வண்டு விழும். கேப்பை ஒண்ணுதான் வண்டு அண்டாம வருசக்கணக்காக் கெடக்கும். உன் ராசகுமாரனுக்குப் பத்து வருசமும் கேப்பைக் களிதான் பாத்துக்கோ. வாளைத் தூக்குவானா, வயித்தைப் பிடிச்சுக்கிட்டு வேலியோரமா ஓடுவானா?

அப்புறம் வெதை. பத்து வருசம் கெடந்த வெதை வெதைச்சா மொளைக்குமான்னு நான் கேட்டதுக்கு, குளிர்ல வெதை கெடாது தாத்தான்னு மடக்குனியே, அது சரிதான். நார்வேயில ஸ்வால்பார்டுங்கிற தீவுல மலையைக் குடைஞ்சு, மைனஸ் 18 டிகிரியில உலகத்து வெதையெல்லாம் சேத்து வச்சிருக்காங்க, 2008-ல தொறந்ததுன்னு போனுல படமும் காட்டுன. அதுல நான் தோத்தேன், ஒத்துக்கிறேன். ஆனா வயித்துக்குப் பசி வந்தா வெதைக் குலுக்கைன்னும் தின்னுற குலுக்கைன்னும் தெரியாது ராசா. அதை அந்த மலைக்கார ஆளுககிட்டக் கேட்டுச் சொல்லு.

நம்ம ஊர்லயே பாரு. தாது வருசப் பஞ்சம்னு கெழடுக சொல்லுமே, அது 1876-ல பிடிச்சது. ரெண்டு வருசம் மழை பொய்ச்சது, அம்புட்டுத்தான். லட்சக்கணக்குல சனம் செத்துப்போச்சு. எங்கியோ பசிபிக் சமுத்திரத்துல தண்ணி சூடேறுனதுக்கு இங்க நம்ம கம்மா காஞ்சதுன்னு இப்பக் கண்டுபிடிச்சிருக்காங்க. சமுத்திரம் மேல குத்தத்தைப் போட்டாச்சு. அதே சமயத்துல தானியம் கப்பலேறிச் சீமைக்குப் போய்க்கிட்டு இருந்ததே, அது எந்தச் சமுத்திரம் சூடானதாலயாம்? நிவாரண வேலைக்கு வந்த ஆம்பளைக்குக் கூலி, நாளைக்கு ஒரு ராத்தல் தானியமும் ஒரு அணாவும்னு கொறைச்சாரு டெம்பிள் தொரை. உன் நாவல்ல ஒரு வில்லன் வேணும்னா பனிப்பிசாசைத் தேடி அலையாத. குலுக்கைச் சாவியை இடுப்புல சொருகியிருக்கவன் ஒருத்தனைப் போடு, போதும்.

காரணம் என்னன்னு எழுதணுமா தாத்தான்னு கேட்ட பாரு, அங்கதான் எனக்குச் சிரிப்பு வந்தது. மார்ட்டின் அது மந்திரத்தால, விஞ்ஞானத்தால இல்லைன்னு சொல்லிட்டாராம். அதோட விட்டாங்களா? 2013-ல ஜான்ஸ் ஹாப்கின்ஸ் பல்கலைக்கழகத்துப் பிள்ளைக, அந்த ஊருக்கு ரெண்டு சூரியன் இருந்தா இப்படி ஆகலாம்னு கட்டுரை எழுதுச்சுக. 2017-ல பிரிஸ்டல் பல்கலைக்கழகத்துல ஒரு வாத்தியார் கம்ப்யூட்டர்ல அந்தத் தேசத்தையே ஓட்டிப் பாத்தாரு. நம்ம பூமி 23½ டிகிரி ஒரே பக்கமாச் சாஞ்சு சுத்துறதாலதான் வெயிலும் குளிரும் மாறி மாறி வருது. அந்தச் சாய்மானமும் கூடவே திரும்பிக்கிட்டு வந்தா? சாமியைப் பாத்துக்கிட்டே கோயிலைச் சுத்துறவன் மாதிரி, ஒரு பக்கம் எப்பவும் சூரியனையே பாத்துக்கிட்டு இருக்கும். கோடைன்னா கோடைதான், குளிருன்னா குளிருதான். அந்தக் கட்டுரையைக் கதையில வர்ற சாம்வெல் டார்லிங்கிற பய எழுதுன மாதிரியே போட்டு, கதையில வர்ற குதிரைக்காரங்க பாசையான டோத்ராக்கியில வேற மொழிபெயர்த்து விட்டாராம். இந்த வாத்தியாரை எனக்குப் பிடிச்சிருக்கு. நம்ம பக்கத்து ஆளு மாதிரி இருக்காரு.

ஆனா நீ காரணம் எழுதாத. கொள்ளிவாய்ப் பிசாசு கதை சொல்லும்போது உங்க ஆச்சி மீத்தேன்னா சொன்னா? பிசாசுன்னா, நாங்க அஞ்சு பேரும் ஒரே போர்வைக்குள்ள போயிட்டோம். அதிசயத்துக்குக் காரணம் வேண்டாம், அடுப்புக்குத்தான் வேணும். இதுல மார்ட்டினைக் கொறை சொல்ல மாட்டேன். வடக்க ஒரு கோட்டையில வெந்நீர் ஊத்தைச் செவுத்துக்குள்ள ஓடவிட்டு, கண்ணாடிக் கூரைக்கு அடியில காய்கறி வெளைய வச்சிருக்காரு. கோட்டைக்கு வெளிய ஒரு ஊரு, கோடையில பெரும்பகுதி காலியாக் கெடக்கும், குளிருக்குச் சனம் வந்து அடையும். இதெல்லாம் யோசிச்சவரு பெரிய ஆளுதான். என்ன, 1996-ல மொதப் பாகம், 2011-ல அஞ்சாம் பாகம், ஆறாவதுக்குக் குளிர்காலத்துக் காத்துன்னு பேரு வச்சுட்டு உக்காந்துட்டாரு. காத்து இன்னும் அடிச்சபாடில்ல. டிவிக்காரங்க பொறுத்துப் பாத்து 2019-ல தாங்களே முடிச்சுவிட்டாங்க. நீ பேரு வைக்கிறதைக் கடைசியா வச்சுக்கோ.

அவரு எழுதுனதுல நீ பட்டும்படாமச் சொன்ன ஒரு எடம்தான் எனக்குத் தூக்கத்தைக் கெடுத்துருச்சு. குளிர் நீண்டு, குலுக்கை அடி தெரியுறப்ப, வடக்கத்திக் கெழவனுக வேட்டைக்குப் போறேன்னு சொல்லிட்டுக் கெளம்பிருவாங்களாம். கொஞ்சப் பேரை வசந்தத்துல கண்டெடுப்பாங்களாம், மத்தவங்க வரவே மாட்டாங்களாம். வீட்டுல ஒருத்தரும் எங்க போறன்னு கேக்குறதில்லையாம்.

நம்ம பக்கம் பனி பெய்யாது. கெழடுகளை அனுப்பி வைக்க எண்ணெய் தேச்சுத் தலைமுழுக வச்சு எளநீ குடுக்குறதுதான் வழக்கம். போன தீவாளிக்கு உங்கம்மா, வாங்க மாமா, நானே எண்ணெய் தேச்சு விடுறேன்னு பாசமாக் கூப்பிட்டப்ப நான் ஏன் வெந்நியை விட்டுட்டுக் கம்மாக்கரைக்கு ஓடுனேன்னு இப்பத் தெரியுதா? நல்ல பிள்ளைதான் அவ, சந்தேகப்படல. இருந்தாலும் குலுக்கையில எம்புட்டு இருக்குன்னு ஒரு எட்டுப் பாத்துட்டு வந்து சொல்லு.