சாயம் பூசாத ரயில்

இது டோக்கியூ. டோக்கியோ இல்லை. அச்சுப்பிழை என்று ஆசிரியருக்குக் கார்டு போட்டுவிடாதீர்கள். டோக்கியோவுக்குத் தென்மேற்கே ரயில் விட்டு, ரயில் போன பக்கமெல்லாம் மனை விற்று, மனை வாங்கியவர்களை அதே ரயிலில் ஏற்றிக் காசு பார்த்த குழுமத்தின் பெயர் அது. தலைவர் கெய்தா கொட்டோ. ரயில்வே அதிகாரியாக இருந்து முதலாளியானவர். கண்ணில் பட்ட கம்பெனியை வாங்கிப் போடாவிட்டால் அவருக்குத் தூக்கம் வராது. ஜப்பானிய மொழியில் 'கோட்டோ' என்றால் கொள்ளைக்காரன். ஊர் சும்மா இருக்குமா? ஒற்றைக்கொம்பை இரட்டைக்கொம்பு ஆக்கிவிட்டது.

போர்க்காலத்தில் ஒடாக்கியூ, கெய்க்கியூ, கெய்யோ என்று அக்கம்பக்கத்து ரயில் கம்பெனிகளையெல்லாம் விழுங்கினார். 1944-ல் டோஜோ மந்திரிசபையில் போக்குவரத்து மந்திரியும் ஆனார். போரில் தோற்றதும் எல்லாம் தலைகீழ். 1951 வரை அவர் எந்தப் பொறுப்பும் வகிக்கக் கூடாது என்று தடை. விழுங்கிய கம்பெனிகளையும் 1948-ல் கக்க வேண்டியதாயிற்று.

வீட்டில் பாகப்பிரிவினை நடந்த அதே வருஷம் ஒரு பிள்ளை பிறந்தது. யோகோஹாமாவில் கடற்படையின் விமானத் தொழில்நுட்பக் கூடம் ஒன்று காலியாகக் கிடந்தது. அதில் குடியேறிய புதுக் கம்பெனிக்கு டோக்கியூ யோகோஹாமா செய்சாகுஷோ என்று பெயர். வேலை, குண்டுவீச்சில் கரிந்த ரயில் பெட்டிகளுக்குப் பட்டி பார்ப்பது. 1953-ல் டோக்கியூ கார் என்று பெயரை மாற்றிக்கொண்டது.

இடம் கிடைத்தது, வாசல்தான் தகராறு. தொழிற்சாலையை ஒட்டி ஓடுவது அப்போதுதான் தனிக்குடித்தனம் போன கெய்க்கியூவின் பாதை. அதன் அகலம் 1,435 மில்லிமீட்டர். பெட்டி வாங்க வருகிறவர்களில் பெரும்பாலானவர்களின் பாதையோ 1,067. பெட்டியைச் செய்துவிட்டு அதை எப்படி வெளியே கொண்டுபோவது? கெய்க்கியூ பாதைக்கு நடுவே மூன்றாவதாக ஒரு தண்டவாளத்தைச் செருகினார்கள். கனாசாவா-ஹக்கெய்யிலிருந்து ஜிம்முஜி வரை அது இருக்கிறது. பிரிந்துபோன பங்காளி வீட்டுத் தாழ்வாரம் வழியாகத்தான் ஒவ்வொரு பெண்ணையும் புகுந்த வீட்டுக்கு அனுப்ப வேண்டும்.

1954-ல் 5000 வரிசை வந்தது. விமானம் மாதிரி மேல்தகடும் சேர்ந்து பாரம் சுமக்கிற உடம்பு. எடை குறைவு, வயிறு பெரிசு, நிறம் பச்சை. ஜனங்கள் வைத்த பெயர் 'அவோகாயெரு', அதாவது பச்சைத் தவளை. இந்தச் சமர்த்துத் தவளைக்கு ஒரு குறை: கூரையில் குளிர்சாதனம் ஏற்ற மெல்லிய தோல் தாங்காது. பின்னாளில் மூட்டையைக் கட்ட இதுவும் ஒரு காரணம்.

அடுத்தது எவர்சில்வர். 1958-ல் வந்த 5200 வரிசைக்குச் சட்டை மட்டும்தான் எவர்சில்வர். உள்ளே எலும்பு சாதா இரும்பு. மெல்லிய தகட்டில் வெல்டிங் சூடு பட்டால் கோணிக்கொள்ளும். அதை மறைக்கப் பக்கவாட்டில் வரிவரியாக மடித்துவிட்டார்கள். குளிர்காலத்தில் படுக்கைக்குள் வைத்துக்கொள்ளும் வெந்நீர்க் குப்பி மாதிரி இருந்ததால் பெயரும் அதுவே, 'யுதான்போ'.

எலும்பும் எவர்சில்வராக வேண்டுமென்றால் அமெரிக்காவில் பிலடெல்பியாவின் பட் கம்பெனியைக் கேட்க வேண்டும். அவர்களிடம் ஒரு கைமருந்து இருந்தது: மின்சாரத்தைக் கண் இமைப்பதற்குள் பாய்ச்சி நிறுத்திவிடுவது. நீளச் சூடு காட்டினால் எவர்சில்வரும் துருப்பிடிக்கும் ஜாதியாகிவிடும். 1959-ல் டோக்கியூ கார் பணம் கட்டி அந்தப் பக்குவத்தைப் படித்துக்கொண்டது. கொள்ளைக்காரர் என்று பெயர் எடுத்தவரின் வீட்டுப் பிள்ளை, முறைப்படி உரிமம் வாங்கியது! கொட்டோ அந்த ஆகஸ்டில்தான் காலமாகியிருந்தார்.

1962-ல் ஓட ஆரம்பித்த 7000 வரிசைதான் ஜப்பானின் முதல் முழு எவர்சில்வர் ரயில். மொத்தம் 134 பெட்டிகள். பிரேக் தட்டுகூடச் சக்கரத்துக்கு வெளியே, வண்டி ஓடும்போது பிளாட்பாரத்தில் நிற்பவர் கண்ணில் படும்படி சுற்றும். வண்ணம் பூச வேண்டாம். சாயம் வெளுக்கிற பேச்சே இல்லை. இந்தப் பெட்டிகளில் சில வடக்கே அவோமோரியில் சின்ன ரயில் கம்பெனி ஒன்றிடம் போய்ச் சேர்ந்து, சஷ்டியப்தபூர்த்தி கண்ட பிறகும் ஓடின.

இவ்வளவு நல்ல சரக்கை ஜப்பான் தேசிய ரயில்வே ஏன் கொத்தோடு வாங்கவில்லை? செய்யத் தெரிந்தது ஒரே கடை. பல கடைகளுக்குப் பிரித்துக் கொடுப்பதுதான் சர்க்கார் வழக்கம். 1985-ல் வந்த 205 வரிசைக்கு எவர்சில்வர்தான் என்று முடிவானபோது டோக்கியூ காருக்குத் தாக்கீது வந்தது: பக்குவத்தை மற்றவர்களுக்கும் சொல்லிக் கொடு. சொல்லிக் கொடுத்தது. இருபத்தைந்து வருஷம் பொத்திப் பொத்தி வைத்த ரசப்பொடி ரகசியம், ஒரே நாளில் தெரு முழுக்க மணத்தது. இரண்டே வருஷத்தில் தேசிய ரயில்வே துண்டு துண்டாகித் தனியார் மயமானது. 1987-ல் பட் கம்பெனியும் ரயில் பெட்டித் தொழிலை விட்டது.

தேசிய ரயில்வேயின் வாரிசுகளில் ஒன்று ஜே.ஆர். கிழக்கு. பக்குவத்தை அப்பன் கேட்டு வாங்கினான். 2012 ஏப்ரலில் மகன் வந்து சமையலறையையே வாங்கிக்கொண்டான். டோக்கியூ என்ற பெயர் போய், ஜே-ட்ரெக் ஆனது. ஊரையெல்லாம் வாங்கிய கொட்டோவின் பிள்ளையைக் கடைசியில் வாங்கியது, அவர் ஒரு காலத்தில் உத்தியோகம் பார்த்த ரயில்வேயின் வம்சம்!

பச்சைத் தவளை என்ன ஆயிற்று? ஒரு பெட்டியை நீளம் குறைத்து, 2006-ல் ஷிபுயா ஸ்டேஷன் வாசலில், செத்துப்போன எஜமானுக்காகக் காத்திருந்த ஹச்சிகோ நாயின் சிலைக்குப் பக்கத்தில் வைத்தார்கள். 2020-ல் அங்கிருந்தும் கிளப்பி, ஹச்சிகோ பிறந்த ஊரான ஒடாத்தேக்கு அனுப்பிவிட்டார்கள். நாய் இன்னும் ஷிபுயாவில் காத்திருக்கிறது. தவளை நாயின் சொந்த ஊரில் போய் உட்கார்ந்துகொண்டது.