பேரேட்டுக்கு அடியில் நாவல்: வங்கிவாழ் கதாசிரியர் குறித்த ஆய்வு

வங்கிவாழ் நாவலாசிரியர் என்பவர் பகலில் பிறருடைய பணத்துக்குப் பைசா பிசகாமல் கணக்கெழுதிவிட்டு, இரவில் இல்லாத மனிதர்களின் இல்லாத கஷ்டங்களுக்காகக் கண்விழிப்பவர். இந்த ஆய்வில் வங்கி என்று வருமிடமெல்லாம் பங்குச்சந்தையும் காப்பீட்டு அலுவலகமும் அடக்கம். வட்டிக்கடை அடங்காது. என்னை எனின், அங்கே கடன் கேட்டு வருபவரே முழுக்கதையையும் சொல்லி முடித்துவிடுவதால், கல்லாவில் இருப்பவருக்குத் தனியாக எழுத ஒன்றும் மிஞ்சுவதில்லை. கவிஞர்களும் விலக்கப்பட்டுள்ளனர். கவிதையை ஒரு சலானின் பின்பக்கத்தில் எழுதிச் சட்டைப்பையில் போட்டுக்கொள்ளலாம்; மேலாளர் கண்ணில் படாது. நாவலுக்கு 400 பக்கம் வேண்டும், அதை வைக்க இழுப்பறை வேண்டும், இழுப்பறைக்குப் பூட்டு வேண்டும். இத்துறையின் சிக்கல்கள் பெரும்பாலும் அந்தப் பூட்டைச் சுற்றியே அமைந்துள்ளன.

முதலில் தோற்றுவாய். இவர்களில் ஒருவராவது ஆசைப்பட்டு வங்கிக்குப் போனதாகச் சான்றில்லை. திரியெஸ்தே அப்போது ஆஸ்திரியப் பேரரசின் துறைமுகம். அங்கே கண்ணாடி வியாபாரம் செய்துவந்த தந்தை நொடித்துப்போனதால், ஏட்டோரே ஷ்மிட்ஸ் என்ற இளைஞர் 1880இல் வியன்னா யூனியன் வங்கியின் உள்ளூர்க் கிளையில் கடிதப் போக்குவரத்து எழுத்தராகச் சேர்ந்தார். கென்னத் கிரகாமை ஆக்ஸ்ஃபோர்டில் படிக்கவைக்க அவருடைய சித்தப்பா கைவிரித்துவிட்டதால், 1879இல் அவர் இங்கிலாந்து வங்கியில் எழுத்தரானார். பி.ஜி. வோட்ஹவுஸின் கதை நம்மூருக்குக் கொஞ்சம் கிட்டத்தில் வருகிறது. ஹாங்காங்கில் மாஜிஸ்திரேட்டாக இருந்து ஓய்வுபெற்ற அவருடைய தந்தைக்குப் பென்ஷன் ரூபாயில் வந்தது. ரூபாயின் மதிப்பு சரியச் சரிய மகனின் ஆக்ஸ்ஃபோர்டும் சரிந்தது என்று வோட்ஹவுஸே எழுதியிருக்கிறார். 1900இல் அவர் ஹாங்காங் ஷாங்காய் வங்கியின் லண்டன் அலுவலகத்தில் உட்கார்த்தப்பட்டார். ஆக, மூவரையும் பணத்துக்கு நடுவில் கொண்டுபோய் நிறுத்தியது பணமுடைதான். ஆங்கில இலக்கியத்தில் இந்திய ரூபாயின் செல்வாக்கு பற்றித் தனி ஆய்வேடு எழுத இடமிருக்கிறது.

அடுத்தது கால வழு. இங்கு கால வழு என்பது இலக்கணம் சார்ந்ததன்று; எழுதுவதற்கு நேரமில்லாமை. இதற்கு இரு தரப்புத் தீர்வுகள் உண்டு. விடியற்தரப்புக்குத் தலைவர் ஜூல் வெர்ன். 1857இல் திருமணமானதும் தந்தையிடம் பணம் வாங்கிப் பாரிஸ் பங்குச்சந்தைத் தரகு நிறுவனம் ஒன்றில் பங்குதாரராகச் சேர்ந்த இவர், அதிகாலையில் எழுதிவிட்டுப் பிறகு சந்தைக்குப் போனார். 1863இல் பலூன் பயணக் கதை வெளிவந்து பதிப்பாளரும் நிலைத்தபின் தரகுத் தொழிலுக்குக் கும்பிடு போட்டார். இரவுத்தரப்புக்குத் தலைவர் பிராக் நகரத் தொழிலாளர் விபத்துக் காப்பீட்டு நிறுவனத்தின் ஃபிரான்ஸ் காஃப்கா. அவருக்கு மதியம் 2 மணிக்கே வேலை முடிந்துவிடும். நம்மில் பலர் இந்தச் செய்தியோடு காஃப்காவின் துயரம் பற்றிய நூல்களை மூடிவைத்துவிடுவர். ஆய்வாளர் அப்படிச் செய்யலாகாது. மதியம் தூங்கி, இரவு எழுதுவது அவர் ஏற்பாடு. 1912 செப்டம்பர் 22ஆம் தேதி இரவு 10 மணிக்கு உட்கார்ந்தவர் மறுநாள் காலை 6 மணிக்கு ‘தீர்ப்பு’ என்ற கதையை முடித்துவிட்டு எழுந்தார். பிறகு மேலதிகாரிக்கு ஒரு சீட்டு அனுப்பினார்: சிறிது மயக்கம், லேசான காய்ச்சல், தாமதமாகவாவது வந்துவிடுகிறேன் என்பது அதன் சாரம். ஒரே இரவில் இரண்டு புனைவுகள். இரண்டாவதைத் திறனாய்வாளர்கள் போதிய அளவு கவனிக்கவில்லை.

மறைப்பு முறைகளில் வோட்ஹவுஸ் காட்டிய துணிவை வேறெவரும் எட்டவில்லை. வங்கிக்குப் புதிதாக ஒரு பேரேடு வந்து சேர்ந்தது. அதன் முதல் பக்கம் வெள்ளைவெளேரென்று கிடப்பதைக் கண்டு பொறுக்கமாட்டாமல், புதிய பேரேட்டின் திறப்பு விழாவை வருணித்து அந்தப் பக்கத்திலேயே ஒரு கட்டுரை எழுதிவிட்டார். எழுதியபின் பயம் பிடித்துக்கொள்ளவே, பக்கத்தைக் கத்தியால் கீறி எடுத்தார். தலைமைக் காசாளர் குறையுள்ள பேரேடு அனுப்பியதற்காகக் காகித வியாபாரியிடம் பாய்ந்தார். பேரேட்டின் முதல் பக்கத்தை அறுத்தெடுக்கப் பைத்தியக்காரனால்தான் முடியும், உங்கள் அலுவலகத்தில் அப்படி யாரேனும் உண்டா என்று வியாபாரி கேட்டார். யார் என்று உடனே தெரிந்துவிட்டது. பிற்காலத்தில் வோட்ஹவுஸ் சொன்ன கதை இது. அவர் சொன்னது என்பதால் கொஞ்சம் வாசி கழித்துக்கொள்ள வேண்டும். லண்டனில் பழக்கிக் கீழைநாட்டுக் கிளைகளுக்கு அனுப்புவது அந்த வங்கியின் வழக்கம். கப்பலேற்றப்படும் பயம் வேறு சேர்ந்துகொள்ள, இரண்டே ஆண்டில், 1902இல், பத்திரிகை வேலைக்குத் தாவிவிட்டார். 1910இல் வந்த அவருடைய ‘ஸ்மித் இன் தி சிட்டி’ நாவலில் இந்த வங்கி வேறு பெயரில் உயிரோடிருக்கிறது.

திரியெஸ்தேயின் ஷ்மிட்ஸ் பேரேட்டைத் தொடவில்லை. பெயரைத்தான் மாற்றிக்கொண்டார். வங்கியில் ஏட்டோரே ஷ்மிட்ஸ், அட்டையில் இத்தாலோ ஸ்வேவோ. 1892இல் வந்த முதல் நாவலான ‘ஒரு வாழ்க்கை’யின் நாயகன் வங்கிக்குக் கடிதம் எழுதிக் கொடுத்தே தேய்ந்துபோகிறான். அலுவலகத்தில் யாராவது அதைப் படித்துத் தன்னை அடையாளம் கண்டுகொள்வார்களோ என்ற அச்சம் எழுத்தாளருக்கு இருந்திருந்தால் அது வீண் அச்சம். அதை அநேகமாக யாரும் படிக்கவில்லை.

கிரகாம் எதையும் மறைக்கவில்லை. சொந்தப் பெயரிலேயே எழுதி, புகழும் பெற்று, 1898இல் 39 வயதில் இங்கிலாந்து வங்கியின் செயலாளரும் ஆனார். இலக்கியம் பதவி உயர்வைக் கெடுக்கும் என்ற பொதுக் கருத்து இங்கே அடிபடுகிறது. ஆனால் பதவிக்கென்று சில ஆபத்துகள் உண்டு. 1903 நவம்பரில் ஒருவர் வங்கிக்கு வந்து கவர்னரைப் பார்க்க வேண்டும் என்றார். செயலாளர் எதிர்ப்பட்டதும் ஒரு காகிதச் சுருளை நீட்டினார். அதன் ஒரு முனையில் வெள்ளை ரிப்பன், மறுமுனையில் கறுப்பு ரிப்பன். கிரகாமின் கை கறுப்பு முனைக்குப் போனது. வந்தவர் கைத்துப்பாக்கியை எடுத்துச் சுட்டார். மூன்று குண்டுகளும் குறி தவறின. கடைசியில் தீயணைப்புக் குழாயால் தண்ணீர் பீய்ச்சி அவரை மடக்கினார்கள். இதற்குப் பிறகு கிரகாம் எழுதிய பெருநூலில் ஓர் எலியும் அகழெலியும் ஆற்றில் படகு விடுகின்றன. அதில் எந்தப் பிராணியும் சம்பளத்துக்கு வேலை பார்ப்பதில்லை. இரண்டுக்கும் தொடர்பு உண்டா என்பதை வாசகர் முடிவுக்கு விடலாம்.

இனி இவ்வாய்வின் துணிபு. இவர்கள் ஏன் உடனடியாக வேலையை விட்டுவிடவில்லை? சம்பளத்துக்காக என்பார் ஒரு சாரார். அற்றன்று. சம்பளம் ஒன்றே காரணமாயின், மாற்றுப் பணம் வந்தவுடன் விட்டிருக்க வேண்டும். கவிஞர் என்ற முறையில் விலக்கப்பட்ட டி.எஸ். எலியட்டை இந்த இடத்தில் சாட்சியாக மட்டும் அழைக்கலாம். லாயிட்ஸ் வங்கியில் அவர் வாடுவதாகக் கருதிய எஸ்ரா பவுண்ட், 1922இல் முப்பது பேரிடம் ஆண்டுக்குப் பத்துப் பத்துப் பவுண்டு வசூலித்து அவரை மீட்க ஒரு திட்டம் தீட்டினார். எலியட் நெளிந்தார், வேலையை விடவில்லை. 1925இல் ஒரு பதிப்பகத்தில் இயக்குநர் நாற்காலி உறுதியான பிறகே வெளியேறினார்.

அவர்களை நிறுத்திவைத்தது டாலி ஆகும் சுகம் என்பதே இங்கு நிறுவப்படுவது. வங்கியில் மாலை ஆனால் கேஷை எண்ணுவார்கள். கையிருப்பும் புத்தக இருப்பும் ஒத்துப்போக வேண்டும். ஒரு ரூபாய் உதைத்தாலும் ஒருவரும் வீட்டுக்குப் போக முடியாது. எட்டை மூன்றாகப் படித்தவர் யார் என்று வவுச்சர் வவுச்சராகப் புரட்டுவார்கள். கிடைத்துவிடும். கிடைத்தபின் அந்த நாள் முடிந்துவிடும். நாவலில் எந்த நாளும் இப்படி முடிவதில்லை. 112ஆம் பக்கத்தில் செத்துப்போன அத்தை 240ஆம் பக்கத்தில் காபி ஆற்றிக்கொண்டிருப்பாள். ஐந்தொகையில் இப்படி நேர்ந்தால் சிவப்பு மையோடு ஒருவர் எழுந்து வருவார். நாவலுக்கு வருபவர் விமர்சகர். அவரோ அதை மாய யதார்த்தம் என்று பாராட்டிவிட்டுப் போய்விடுவார். பகலெல்லாம் ஒத்துப்போன கணக்குகளின் தெம்பில்தான் ஒருவர் இரவில் ஒத்துப்போகாத கணக்கோடு மல்லுக்கட்ட முடிகிறது.

இதற்கு வலுவான சான்று ஸ்வேவோவின் மூன்றாம் நாவல். அவர் 1899இல் வங்கியை விட்டு மாமனாரின் கம்பெனிக்குப் போனார். கப்பலின் அடிப்பகுதியில் சிப்பியும் பாசியும் ஒட்டாமல் தடுக்கும் பெயின்ட் அங்கே தயாராயிற்று. பிரிட்டிஷ் கடற்படைகூட வாடிக்கையாளர். 1923இல் வெளியான ‘ஸீனோவின் மனச்சாட்சி’யில் ஸீனோ தன் சகலை குய்தோவின் நிறுவனத்துக்குக் கணக்கெழுதுகிறான். குய்தோ பெரும் நஷ்டத்தை வைத்துவிட்டு இறந்துபோகிறான். ஸீனோ சந்தையில் சூதாடி நஷ்டத்தின் பெரும்பகுதியை மீட்டுவிடுகிறான். அந்த மும்முரத்தில் குய்தோவின் இறுதி ஊர்வலம் என்று நினைத்து வேறொருவருடைய ஊர்வலத்தின் பின்னால் போய்விடுகிறான். கணக்கு ஏறக்குறைய டாலி ஆகிறது, பிணம் மாறிப்போகிறது. வங்கியில் 19 ஆண்டு உட்காராதவருக்கு இந்தக் காட்சி தோன்றியிருக்காது.

டாலி ஆகாவிட்டால் என்ன நேரும் என்பதற்கு ஓ. ஹென்றி போதும். (சிறுகதைக்காரரை இங்கே சேர்க்கலாமா என்றால், 1904இல் வந்த அவருடைய முதல் நூலை நாவலென்று வாதிடுவோர் உண்டு.) டெக்சாஸ் மாநிலம் ஆஸ்டினில் ஒரு வங்கியில் காசாளராக இருந்தபோது ஏற்பட்ட கையாடல் வழக்கில் ஹோண்டுராசுக்கு ஓடிப்போய், மனைவி சாகக் கிடக்கும் செய்தி கேட்டுத் திரும்பி, 1898இல் தண்டனை பெற்றார். ஒஹையோ சிறைக்குள்ளிருந்தே கதைகளை அனுப்பினார். அவருக்கு மட்டும் நேரப் பிரச்சினை இருக்கவில்லை.

தமிழில் இவ்வினத்தின் உயர்ந்த மாதிரி லா.ச. ராமாமிர்தம். பஞ்சாப் நேஷனல் வங்கியில் ஏறத்தாழ 30 ஆண்டுகள் பணியாற்றிய இவருடைய ‘புத்ர’, ‘அபிதா’ ஆகிய நாவல்களில் வங்கியைத் தேடினால் கிடைக்காது. சாபமும் நெருப்பும் அம்பாளும் கிடைப்பார்கள். பேரேட்டில் ஓர் எழுத்தைக்கூட அலங்காரமாக எழுத முடியாதவர் வாக்கியத்தில் சேர்த்துவைத்துப் பழிதீர்த்துக்கொண்டார் என்று கொள்ள இடமுண்டு.

எஞ்சியிருப்பது ஓய்வு. வேலை இல்லாதிருந்தால் இன்னும் எழுதியிருப்பார் என்று இவர்களைப் பற்றிப் பொதுவாகச் சொல்லப்படும். கிரகாம் 1908இல் விலகினார். சில மாதங்களில் ‘தி விண்ட் இன் தி வில்லோஸ்’ வெளிவந்தது. அதன் கதைகள் வேலையில் இருந்தபோதே மகனுக்குச் சொன்னவையும் கடிதங்களில் எழுதியவையும். அதன்பின் 24 ஆண்டுகள் உயிரோடிருந்தார். இன்னொரு நாவல் வரவில்லை. மறுதரப்பில் வோட்ஹவுஸ் இருக்கிறார். வங்கியை விட்டபின் 70 ஆண்டுகளுக்கு மேல் எழுதித் தள்ளினார். இரண்டே ஆண்டு இருந்தவரை வங்கிவாழ் என்பதா, வங்கி வந்துபோன என்பதா என்பது முடிவாகும்வரை அவரைக் கணக்கில் சேர்க்க வேண்டியதில்லை.

ஸ்வேவோவின் ஓய்வு வேறு வகை. தம் மூன்று நாவல்களையும் சொந்தச் செலவிலேயே அச்சிட்டார். 1898இல் வந்த இரண்டாவது நாவலும் முதலாவதைப் போலவே கேட்பாரற்றுக் கிடக்க, 25 ஆண்டு நாவல் பக்கமே போகாமல் பெயின்ட் விற்றார். அவருக்கு ஆங்கிலம் கற்பித்த ஆசிரியர் அந்த நாவலைப் படித்து மெச்சியதும், அந்த ஆசிரியர் ஜேம்ஸ் ஜாய்சாக இருந்ததும், மூன்றாம் நாவலைப் பாரிஸ் நண்பர்களிடம் அவர் தள்ளிவிட்டதும் சேர்ந்து 1926 வாக்கில் பெயர் கிளம்பிற்று. வாராக்கடன் என்று தள்ளுபடி செய்த தொகை இப்படி 28 ஆண்டு கழித்து வசூலானால் அதை எந்தத் தலைப்பில் வரவு வைக்க வேண்டும் என்பதற்கு வங்கிகளில் தெளிவான நடைமுறை உண்டு. பதிப்பகங்களில் அப்படி ஒரு பத்தி இன்னும் திறக்கப்படவில்லை.