குடல் எதற்கு? பூடேன் குறித்து ஓர் ஆராய்ச்சி

சாசேஜின் இலக்கணம் எளிது. பச்சை இறைச்சியை அரைத்து, உப்பும் மசாலாவும் சேர்த்துப் பிசைந்து, குடலில் அடைத்து, அதன்பின் வேகவைக்கவோ புகையில் தொங்கவிடவோ வேண்டும். இதை ஒப்புக்கொண்டால், தென் லூசியானாவின் கேஜன் மக்கள் பூடேன் என்று பெயரிட்டுத் தின்னும் பண்டம் சாசேஜ் ஆகாது. அதில் குடலுக்குள் போவது முன்பே வெந்த பன்றிக்கறி, வெந்த ஈரல், வெந்த சோறு. சட்டியிலிருந்து தட்டில் போட்டுக்கொண்டு அப்போதே சாப்பிடலாம். சாப்பிடத் தயாராகிவிட்ட ஒன்றை மெனக்கெட்டுக் குடலில் அடைப்பது எதற்கு என்பதே இங்கு எடுத்துக்கொண்ட வினா. இதைவிட அவசரமான வினாக்கள் உலகில் உண்டு என்பாரும் உளர். அவர்கள் பசியோடு இருக்கும் நாளில் திரும்பி வருக.

முன்னோர் யாரும் தொடாத துறை என்று இதைத் தள்ளிவிட முடியாது. லாஃபாயெட் நகரப் பல்கலைக்கழகத்தின் வரலாற்றுப் பேராசிரியர் ராபர்ட் கேரிக்கர், கடை கடையாகப் போய்ப் பூடேனைத் தின்று மதிப்பெண் போட்டவர். 2012இல் அதைப் பற்றிப் புத்தகமே எழுதினார். கள ஆய்வு என்ற சொல்லுக்கு இவ்வளவு மரியாதை செய்தவர்கள் குறைவு. அதே ஆண்டில் லூசியானா சட்டமன்றம் ஸ்காட் என்ற சிற்றூரை ‘உலகத்தின் பூடேன் தலைநகர்’ என்று அறிவித்தது. அதே மாநிலத்து ஊரான ஜென்னிங்ஸோ ‘பிரபஞ்சத்தின் பூடேன் தலைநகர்’ என்று சொல்லிக்கொள்கிறது. ஸ்காட்டும் பிரபஞ்சத்துக்குள் அடங்கியதே ஆதலின் இரண்டும் தம்முள் முரணா என்க.

இனி, குடலுக்குக் காரணம் வரலாறே என்பது ஒருசாரார் கொள்கை. இன்றைய நோவா ஸ்கோஷியாப் பகுதியிலிருந்து 1755 முதல் ஆங்கிலேயர் விரட்டியடித்த பிரெஞ்சுக் குடியேறிகளில் ஒரு பகுதியினர் லூசியானாவின் சதுப்பு நிலத்திலும் புல்வெளியிலும் வந்து சேர்ந்தார்கள்; கேஜன் மக்களின் முன்னோர் இவர்களே. குளிர்சாதனப் பெட்டி வராத காலத்தில் அண்டை வீட்டார் ஒன்றுகூடிப் பன்றி அறுப்பார்கள். ஈரல் அன்றே தீர வேண்டிய பொருள். கறி கொஞ்சம், கை நீட்டுவோர் அதிகம். அங்கே விளையும் அரிசி அந்தக் கொஞ்சத்தை நீட்டிக் கொடுத்தது. குடலோ பன்றியோடு கூடவே இலவசமாக வந்தது. வீணாக்காமல் அதையும் பயன்படுத்தினார்கள், அவ்வளவே.

அழகான விளக்கம்தான். ஆனால் வீட்டில் செய்கிறவருக்கு இது பொருந்தாது. அவர் கடையிலிருந்து தோள்பட்டைக் கறியை மட்டும் வாங்குகிறார், பன்றி வருவதில்லை. குடலை உப்பில் பொதிந்த பொட்டலமாகத் தனியே காசு கொடுத்து வாங்குகிறார். வீணாக்கக் கூடாதென்று பிறந்த வழக்கத்தைக் காப்பாற்ற, வீணாகக்கூடிய பொருளை விலைக்கு வாங்கும் நிலை. எனவே இக்கொள்கை பாதிதான் தேறும்.

வினாவைத் தீர்க்க, செய்முறைக்குள் இறங்க வேண்டும். ஒன்றரைக் கிலோ கொழுப்புள்ள தோள்பட்டைக் கறியை வெங்காயம், செலரி, குடைமிளகாய், பூண்டோடு நார் நாராகப் பிரியும் வரை வேகவிட வேண்டும். கால் கிலோ ஈரல் போதும். அதைக் கடைசிக் கால் மணி நேரத்தில்தான் போட வேண்டும், இல்லையேல் மணல் மணலாகிவிடும். ஈரலைக் கூட்டுவதா குறைப்பதா என்பதில் ஊருக்கு ஊர் பாடபேதம் உண்டு. ஈரலே வேண்டாம் என்பவர்களும் இருக்கிறார்கள், அவர்களோடு வாதிடுவதில் பயனில்லை. கறி வெந்த தண்ணீரைக் கொட்டிவிடக் கூடாது. அரிசியைத் தனியே வடித்துக்கொண்டு, கறியையும் ஈரலையும் சூட்டோடு கொரகொரப்பாக அரைத்து, சோற்றில் சேர்த்து, அந்தச் சாற்றை ஊற்றிக் கிளற வேண்டும். வெங்காயத்தாளும் பார்ஸ்லியும் பச்சையாகக் கடைசியில் விழும். கேயேன் மிளகாய்த்தூள் அவரவர் துணிவு. கலவை குழைந்த வெண்பொங்கல் பதத்தில், ‘தண்ணீர் அதிகமாகிவிட்டதோ’ என்று வயிற்றைக் கலக்க வேண்டும். கவலை வேண்டாம். ஆற ஆறச் சோறு அத்தனையையும் உறிஞ்சிவிடும். இந்த இடத்தில் பயந்து சாற்றைக் குறைத்தவருக்கு மறுநாள் கிடைப்பது உலர்ந்த உதிரி.

பிறகு குடல். வெதுவெதுப்பான நீரில் அரைமணி ஊறவைத்து, ஒரு முனையைக் குழாயடியில் பிடித்து உள்ளேயும் நீரோட்டிக் கழுவி, தளர்வாக அடைத்து, சாண் நீளத்துக்கு ஒரு முறுக்கு. கொதிக்கும் நீரில் போட்டால் வெடிக்கும். 75 முதல் 80 டிகிரி செல்சியஸில், குமிழ் எழாத நீரில் பத்து நிமிடம் போதும்.

இத்தனை பாடுபட்டபின் லூசியானாக்காரர் என்ன செய்கிறார்? பலர் ஒரு முனையைக் கடித்து, உள்ளே இருப்பதை வாய்க்குள் பிதுக்கிக்கொண்டு, தோலை எறிந்துவிடுகிறார்கள். தோலையும் தின்பவர்கள் உண்டு. இரு தரப்பும் மற்றவரைச் சற்று இரக்கத்தோடு பார்க்கும்.

இதைக் கொண்டு பிறிதொரு சாரார், குடல் உணவன்று, கைப்பிடி என்பர். பத்தாம் எண் நெடுஞ்சாலையோரப் பெட்ரோல் நிலையங்களில் கல்லாவுக்குப் பக்கத்திலேயே பூடேன் சூடாகக் காத்திருக்கும். சில இடங்களில் அது இருப்பது ரைஸ் குக்கருக்குள். வாங்கியவர் வண்டி நிறுத்துமிடம் தாண்டுவதற்குள் தின்று முடிப்பது வழக்கம். ஒரு கை ஸ்டியரிங்கில் இருக்கையில் மறு கையால் சோறு தின்ன இதைவிட நல்ல கருவி இல்லை. ஒப்புக்கொள்கிறோம். ஆனால் சமையலறையில் ஸ்டியரிங் இல்லையே? தட்டும் கரண்டியும் கைக்கெட்டும் தூரத்தில் இருக்க, வீட்டுக்காரர் ஏன் அடைக்கிறார்?

எம் கொள்கை வருமாறு. பச்சை இறைச்சியில் செய்யும் சாசேஜை அடைக்குமுன் அப்படியே ருசி பார்க்க முடியாது. பச்சைப் பன்றிக்கறியை எளிதில் யாரும் வாயில் போடமாட்டார்கள். பூடேன் கலவையோ முழுக்க வெந்தது. உப்புப் பார்க்கலாம். பார்த்தே ஆக வேண்டும், சோறு உப்பை விழுங்கிவிடுமாதலால். உப்பு சரியானால் காரம் பார்க்க வேண்டும். காரம் சரியானால், ஈரல் தூக்கலாக இருக்கிறதா என்று. அதற்குள் ‘என்ன வாசம்?’ என்று வீட்டார் ஒவ்வொருவராகக் கரண்டியோடு வருவார்கள்; அவர்களும் ஆய்வாளர்களே. சட்டி இறங்கிக்கொண்டே போகும். இந்தக் கசிவை நிறுத்த மனிதன் கண்டுபிடித்த ஒரே வழி, கலவையைக் கரண்டி நுழையாத இடத்தில் போட்டு இரு முனையையும் முறுக்கிவிடுவது. குடல் என்பது பூட்டு; யாரிடமிருந்து என்றால், சமைப்பவரிடமிருந்து.

அற்றேல், குடலின்றி உருட்டி, ரொட்டித்தூளில் புரட்டிப் பொரித்தெடுக்கும் பூடேன் உருண்டை எம் கொள்கையை உடைக்காதோ எனின், உடைக்காது. கொதிக்கும் எண்ணெயில் கிடப்பதை எவரும் விரல் விட்டு எடுப்பதில்லை. அதுவும் பூட்டே.

குடல் தீர்ந்தபின் சட்டியின் அடியில் எஞ்சும் கலவை ஒன்று உண்டு. வெந்த சோற்றை வெளியே வெகுநேரம் வைத்தால் கெடும். உடனே குளிர்பெட்டியில் வைக்க வேண்டும் என்பது விதி. அவ்விதியைக் கடைப்பிடிக்கும் அளவுக்கு அது மீந்ததாக எம் ஆய்வில் சான்று கிடைக்கவில்லை.