லயத்துக் காம்பராவில் அலுமாரி வைப்பது எப்படி?

முதலில் ஒன்று: காம்பராவை அளக்காதீர்கள். அளந்தால் அலுமாரி வாங்க மனம் வராது. எல்ல, தெமோதரை, பண்டாரவளைப் பக்கத்துத் தேயிலைத் தோட்டங்களின் பழைய லயங்களில் ஒரு காம்பரா பெரும்பாலும் 10க்கு 12 அடி. கூலியாளிடம் பூட்டி வைக்க ஏதாவது இருக்கும் என்ற நினைப்பே அதைக் கட்டிய துரைமாருக்கு வந்திருக்காது. நீங்கள்தான் அவர்களைப் பொய்யாக்க வேண்டும். ஆரம்பிப்போம்.

1. மூன்று கதவு அலுமாரியாக வாங்குங்கள். நடுக்கதவில் ஆளுயரக் கண்ணாடி கட்டாயம். தேக்கு வேண்டாம், அது உங்களுக்குப் பிறகும் இருக்கும். மரக்கோடு அச்சடித்துத் தாள் ஒட்டிய பலகையே நல்லது, தவணைக்கும் தருவார்கள். கடைசித் தவணை கட்டும் மாதத்தில் அடிப்பலகை ஈரம் குடித்து உப்பியிருக்கும். கணக்குச் சரி.

2. ஈரச் சுவரோடு ஒட்டி வையுங்கள். விரலிடை இடம்கூட விடாதீர்கள். எல்ல 1,000 மீற்றருக்கு மேல் இருக்கிற ஊர். காலையில் மூடுபனி கேட்டுக்கொண்டா உள்ளே வருகிறது? ஒக்டோபரில் மழை பிடித்தால் ஜனவரி வரைக்கும் விடாது. ஜன்னல் இருந்தால் அலுமாரியால் அதை மறையுங்கள். இல்லாவிட்டால் வாசல் கதவு பாதி மட்டும் திறக்கும்படி வையுங்கள். வருகிறவர்கள் பக்கவாட்டில் நுழையப் பழகிக்கொள்வார்கள்.

3. அன்றாடம் வேண்டிய எதையும் உள்ளே வைக்காதீர்கள். கொழுந்தெடுக்கக் கட்டும் படங்கு, மழைக்கோட்டு, பிள்ளைகளின் பள்ளி உடுப்பு எல்லாவற்றுக்கும் ஆணியும் கொடியும் இருக்கின்றன. காலையில் பேர் பதியப் பிரட்டுக்குப் போகிற அவசரத்தில் யார் அலுமாரியைத் திறப்பது? உள்ளே போக வேண்டியவை கூறைச் சேலை, தீபாவளிக்கு வாங்கி அளவு சரியில்லாத சட்டை, யாரோ கொடுத்த பெட்ஷீட். அதுவும் கவர் பிரிக்காமல். பூச்சி உருண்டையைத் தாராளமாகப் போடுங்கள். கல்யாண வீட்டில் உங்கள் சேலை நீங்கள் வருவதற்கு முன்பே வந்து சேர வேண்டும். பூஞ்சணம் பூத்தால் மடிப்பை மாற்றிப் போடுங்கள். வெயிலில் உலர்த்தாதீர்கள், உங்களிடம் எத்தனை சேலை என்று லயமே எண்ணிவிடும்.

4. பக்கக் கதவின் கண்ணாடி வழியே தெரியும் தட்டுதான் அலுமாரியின் உயிர். மத்திய கிழக்கில் வீட்டு வேலைக்குப் போய் வந்த அக்கா கொண்டு வந்த கோப்பை செட்டை அங்கே அடுக்குங்கள். ஸ்டிக்கரைக் கிழிக்காதீர்கள். விருந்தாளி வந்தால் விளிம்பு உடைந்த கோப்பையில் பிளேன்டீ கொடுத்து, செட்டுக்கு நேராக உட்கார வையுங்கள். ஒன்பது வளைவுப் பாலத்தைப் படம் பிடிக்க வந்த வெள்ளைக்காரர், நீங்கள் பறித்த கொழுந்தின் தேயிலையை ஹோட்டலில் இப்படிப்பட்ட கோப்பையில்தான் குடிக்கிறார். உங்களுக்கு அதைப் பார்க்கக் கிடைக்கிறதே, அது போதாதா? (அந்த அக்கா அங்கே இரண்டு வருடம் கழுவியது இதே மாதிரிக் கோப்பைகளைத்தான். அதை இங்கே பேச வேண்டாம்.)

5. அலுமாரியின் தலையைச் சும்மா விடாதீர்கள். பூட்டு உடைந்த சூட்கேஸ், பாடாத ரேடியோ, மூன்று வருடத்துக் கலண்டர், நடுவில் ஒரு பேசின். தகரம் ஒழுகுவது அங்கேதான்.

6. சாவியைச் சாமிப் படத்துக்குப் பின்னால் ஒளித்து வையுங்கள். எல்லா வீட்டிலும் அங்கேதான் இருக்கிறது, திருடனுக்கும் குழப்பம் இல்லை.

7. இனி முக்கியமான பாடம். கடுதாசிகள். பிறப்பு அத்தாட்சிப் பத்திரம், அடையாள அட்டை, ஈ.பி.எஃப். தாள், தாத்தாவின் பிரஜாவுரிமைப் பத்திரம். 1948 இல் அப்பன் இலங்கையில் பிறந்ததற்கு, இல்லாவிட்டால் பாட்டனும் பூட்டனும் பிறந்ததற்கு அத்தாட்சி கேட்டார்கள். காட்ட முடியாத லட்சக்கணக்கானவர்கள் நாடற்றவர்களானார்கள். 1964 இல் இலங்கைப் பிரதமர் சிறிமாவோவும் இந்தியப் பிரதமர் சாஸ்திரியும் கையெழுத்துப் போட்டு, 5,25,000 பேர் இந்தியாவுக்கு, 3,00,000 பேர் இலங்கைக்கு என்று பிரித்தார்கள். அதற்குப் பிறகும் நாடற்றவர்களாகவே இருந்தவர்களுக்கு வழி பிறக்க 2003 ஆம் ஆண்டுச் சட்டம் வரை காத்திருக்க வேண்டியிருந்தது. அப்படிக் கிடைத்த கடுதாசியை எங்கே வைப்பது? அடித்தட்டில், உப்பிய பலகைமேல், கூறைச் சேலைக்குக் கீழே, கரையான் எட்டும் தூரத்தில். பூட்டுங்கள்.

மலை வெடிக்கிறது, மண் சரியும், வெளியேறுங்கள் என்று இரவில் அறிவித்தால் பதறாதீர்கள். சாமிப் படத்தைத் தேடுங்கள், சாவியைத் தேடுங்கள், பேசினை இறக்குங்கள், சேலைகளை ஒவ்வொன்றாக எடுங்கள். 2014 ஒக்டோபர் 29 காலை கொஸ்லந்தை மீரியபெத்தையில் லய வரிசைகள் மண்ணுக்குள் போயின. ஆபத்தான இடம் என்று தேசிய கட்டட ஆராய்ச்சி நிறுவனம் முன்பே சொல்லியிருந்தது.

சிலர் அந்தக் கடுதாசிகளைப் பொலித்தீனில் சுற்றி, ஒரு பையில் போட்டு, வாசல் கதவோரம் ஆணியில் மாட்டி வைக்கிறார்கள். அவர்களுக்கு இந்தப் பாடம் பயன்படாது.