ஆய்வுக்கு அஞ்சாத துறை

நம் நாட்டுக் கல்வித் துறைகளின் துணிச்சலை யாரும் உரியபடி பாராட்டியதில்லை. சோதித்துப் பார்க்கிறோம் என்று யார் வந்து நின்றாலும் அவை கதவைச் சாத்துவதில்லை. பள்ளிகளின் பட்டியலைக் கொடுக்கின்றன. எந்தப் பள்ளியில் திட்டம் நடக்க வேண்டும், எதில் நடக்கக் கூடாது என்பதைக் குலுக்கல் போட்டுத் தீர்மானிக்கவும் சம்மதிக்கின்றன. தன் திட்டம் பலித்ததா இல்லையா என்று ஊரறியச் சொல்லும் உரிமையை வெளியாருக்குக் கொடுப்பது சின்னக் காரியமில்லை. பதில் பாதகமாக வந்தாலும் இந்தத் துறைகள் நிலைகுலைவதில்லை. கையில் எடுத்ததை அப்படியே தொடர்கிற உறுதி அவற்றுக்கு உண்டு.

மத்தியப் பிரதேசத்தின் உறுதி அதற்கு முதல் சான்று. வெளிநாடுகளில் சிறந்தவை என்று பேர் வாங்கிய வழிமுறைகளையெல்லாம் திரட்டி அங்கே ஒரு பள்ளி மேம்பாட்டுத் திட்டம் வகுத்தார்கள். முதலில் ஒவ்வொரு பள்ளியையும் விரிவாக மதிப்பிட வேண்டும். அதற்கேற்பத் தரப்புள்ளி கொடுக்க வேண்டும். பிறகு அந்தப் பள்ளிக்கென்றே ஒரு மேம்பாட்டுத் திட்டம் எழுத வேண்டும். குலுக்கலில் தேர்ந்தெடுத்த 1,774 பள்ளிகளில் இது நடந்தது. கார்த்திக் முரளிதரனும் அபிஜீத் சிங்கும் அதை ஆராய்ந்தார்கள்.

மதிப்பீடு ஏறத்தாழ எல்லாப் பள்ளிகளிலும் முடிந்திருந்தது. அரசுத் திட்டம் ஒன்று கடைசிப் பள்ளி வரை போய்ச் சேர்வது எவ்வளவு அரிது என்று தெரிந்தவர்கள் இதற்காகவே அந்த அலுவலர்களை வணங்குவார்கள். மதிப்பெண்களும் பொய்யில்லை, எது நன்றாக நடக்கும் பள்ளி, எது நடக்காத பள்ளி என்பதை அவை சரியாகவே பிரித்துக் காட்டின. மாறாமல் இருந்தவை இரண்டுதான். ஒன்று, பள்ளி நடந்த விதம். மற்றொன்று, குழந்தைகள் கற்றது. கீழ்நிலை அலுவலர்களிடம் விரிவாகப் பேசிப் பார்த்தபோது, திட்டத்தின் முக்கிய விளைவாகத் தெரியவந்தது கூடுதல் அறிக்கைகளும் கூடுதல் காகித வேலையும். குறை என்னவென்று எழுதத் திட்டத்தில் இடம் இருந்தது. அதைச் சரிசெய்யும் பொறுப்பு யாருடையது, செய்யாவிட்டால் என்ன ஆகும் என்பதற்கு இடம் இல்லை.

பலன் இல்லை என்ற முடிவு அத்திட்டத்தின் வளர்ச்சிக்குக் குறுக்கே நிற்கவில்லை. அதே வழிமுறை நாடு முழுவதும் 6 லட்சத்துக்கும் மேற்பட்ட பள்ளிகளுக்குப் போயிற்று. விரிவான பிறகு மத்தியப் பிரதேசத்தில் மறுபடியும் ஆராய்ந்தார்கள். மறுபடியும் குழந்தைகளின் கற்றலில் மாற்றமில்லை. ஒரே கேள்விக்கு ஒரே பதிலை இரண்டு முறை பொறுமையாகக் கேட்டுக்கொண்ட அரசு அது.

அடுத்த சான்று ஹரியானா. 2009ஆம் ஆண்டுக் கல்வி உரிமைச் சட்டம் தொடர் மற்றும் முழுமையான மதிப்பீட்டைக் கட்டாயமாக்கியது. ஆண்டு முடிவில் ஒரே தேர்வு வைத்துக் குழந்தையைப் பயமுறுத்தாமல், ஆண்டு முழுதும் அது எங்கே தடுமாறுகிறது என்று ஆசிரியர் பார்த்துக்கொண்டே வர வேண்டும் என்பது எண்ணம். இதைவிடக் கனிவான எண்ணத்தைச் சட்டத்தில் எழுத முடியாது. ஹரியானா அரசு அதைச் சோதிக்க அனுமதித்தது. அந்த மதிப்பீட்டு முறை நடந்த பள்ளிகளின் பிள்ளைகள், நடக்காத பள்ளிகளின் பிள்ளைகளைவிட எதிலும் முந்தவில்லை. அதே ஆய்வில் இன்னொன்றும் நடந்தது. தினமும் ஒரு மணி நேரம் வகுப்பைக் கலைத்து, எழுத்துத் தெரியாதவர்கள் ஒரு குழு, சொல் வாசிப்பவர்கள் ஒரு குழு, பத்தி வாசிப்பவர்கள் ஒரு குழு என்று பிரித்து, அவரவர் நின்ற இடத்திலிருந்து கற்பித்தார்கள். அந்தப் பிள்ளைகளின் இந்தி வாசிப்பு முன்னேறியது. பிரதம் அமைப்பு பல ஆண்டு கையாண்டுவரும் முறை இது.

இந்த இரண்டில் எதை நாம் ஊன்றிக் கற்றுக்கொண்டோம் என்பதற்குத் தமிழ்நாட்டுப் பதிவேடுகளே சாட்சி. 2012-13இல் முப்பருவ முறையோடு தொடர் மதிப்பீடு இங்கே வந்தது. செயல்பாடுகளுக்கான வளரறி (அ)வுக்கு 20 மதிப்பெண், சிறு தேர்வுகளுக்கான வளரறி (ஆ)வுக்கு 20, பருவ இறுதித் தேர்வான தொகுத்தறிக்கு 60. சிவப்பு மையில் கோடு போட்டு, ஒவ்வொரு பாடத்துக்கும் தனிப் பக்கம் ஒதுக்கி, அடித்தல் திருத்தல் இல்லாமல் எழுதிய அந்தப் பதிவேடுகளைப் புரட்டியவர்களுக்குத் தெரியும், எங்கள் ஆசிரியர்களின் உழைப்பு எப்படிப்பட்டது என்று. ஆண்டாய்வுக்கு வருகிறவர் கேட்கும் முதல் பொருள் அது. சார்ட்டில் ஒட்டிய படங்களுக்கு 20க்கு 18 வாங்கிய பையன் அந்தச் சார்ட்டின் தலைப்பை எழுத்துக்கூட்டியாவது படிப்பானா என்று பார்க்கப் பதிவேட்டில் கட்டமில்லை. ஆசிரியருக்கு அது தெரியும். அவனைப் பக்கத்தில் உட்காரவைத்து வாசிக்கப் பழக்க வேண்டிய நேரத்தில்தான் அவர் மதிப்பெண்களைக் கூட்டிக்கொண்டிருந்தார். கேட்டதைத் தவறாமல் செய்துகொடுத்தவர்கள்மீது குறை காண எனக்கு மனம் வரவில்லை. கேட்டவர்களும் கேட்டதைப் பெற்றுக்கொண்டார்கள்.

ஆசிரியர்களைப் பற்றிச் சொல்லும்போது பீகாரை விட்டுவிட முடியாது. அங்கே 2008 கோடை விடுமுறையில் வாசிப்பு முகாம்கள் நடத்தினார்கள். கற்பித்தவர்கள் அரசுப் பள்ளி ஆசிரியர்களேதான். பாடத்திட்டத்தை முடித்தாக வேண்டும் என்ற கெடு இல்லை. வாசிக்கத் தெரியாத பிள்ளைகளுக்கு வாசிக்கக் கற்றுக்கொடுங்கள் என்பது மட்டுமே வேலை. பிள்ளைகள் முன்னேறினார்கள். பள்ளி திறந்ததும் அதே வகை ஆசிரியர்கள், அதே பயிற்சி, அதே கற்றல் பொருள்கள். முன்னேற்றம் மட்டும் இல்லை. வகுப்பறையில் பாடநூல் காத்திருந்தது, அதை முடிக்க வேண்டியிருந்தது. அரசுப் பள்ளி ஆசிரியருக்குக் கற்பிக்கத் தெரியாது என்று சொல்கிற எவரும் இந்த ஆய்வைப் படித்த பிறகு அப்படிச் சொல்லக் கூடாது. அவர்களுக்குத் தெரியும் என்பது நிரூபணமாகிவிட்டது. நிரூபணமான பிறகும் பாடத்திட்டத்தை ஒரு பக்கம்கூடத் தாமதிக்கவிடாத கட்டுப்பாடு துறைக்கு இருந்தது.

ஆய்வு முடிவுகளைக் காத்துக்கொள்வதில் நமக்குள்ள நிதானமும் பெரிது. ஏசர் ஆய்வுக் குழுவினர் 2005 முதல் கிராமங்களில் வீடு வீடாகப் போய், எழுத்து, சொல், பத்தி, கதை என்று நான்கு படிகள் அச்சிட்ட ஒரு தாளைக் குழந்தையின் கையில் கொடுத்து வாசிக்கச் சொல்கிறார்கள். தொடங்கிய காலத்தில், ஐந்தாம் வகுப்பில் இரண்டாம் வகுப்புக் கதையை வாசிக்க முடிந்தவர்கள் ஏறக்குறையப் பாதிப் பேர். 2024இல் 48.8 சதவீதம். ஒவ்வொரு அறிக்கைக்கும் தலையங்கம் வருகிறது, கருத்தரங்கு நடக்கிறது. முதல் அறிக்கையின்போது வாசிக்க முடியாமல் தாளைத் திருப்பிக் கொடுத்த பத்து வயதுப் பெண்ணுக்கு இன்று முப்பது தாண்டியிருக்கும். அவளுடைய பிள்ளையின் கையில் இப்போது அந்தத் தாள்.

பன்னாட்டுப் பிசா தேர்வில் இந்தியாவின் சார்பில் தைரியமாக முன்வந்தவை தமிழ்நாடும் இமாச்சலப் பிரதேசமும். 2009 சுற்றின் நீட்சியாக நடந்த அந்தத் தேர்வில் 74 இடங்களில் தமிழ்நாடு 72, இமாச்சலம் 73. நம் பதினைந்து வயதுப் பிள்ளைகளில் வாசிப்பில் அடிப்படை நிலையைத் தொட்டவர்கள் 17 சதவீதம். கேள்விகள் நம் சூழலுக்குப் பொருந்தவில்லை என்று சொல்லி நாடு அடுத்த சுற்றில் கலந்துகொள்ளவில்லை. பழகாத கேள்வி நம் பிள்ளைகளை வாட்டக் கூடாது என்ற அந்தப் பரிவை மதிக்கிறேன். அடிப்படை நிலையைத் தொடாத அந்த 83 சதவீதப் பேரும் பிறகு வேலைக்கான விண்ணப்பத்தையும் மருந்துச் சீட்டையும் பரிவு காட்ட யாருமில்லாமல் தாங்களேதான் வாசித்தாக வேண்டியிருந்தது.

நம் மாநிலத்துக்கே உரிய பெருமை ஒன்று உண்டு. அங்கன்வாடி ஊழியர் ஒருவரே சத்துமாவு கொடுக்க வேண்டும், எடை பார்க்க வேண்டும், கர்ப்பிணிகளைக் கவனிக்க வேண்டும், பதிவேடு எழுத வேண்டும், மிஞ்சிய நேரத்தில் குழந்தைகளுக்குப் பாட்டும் கதையும் சொல்ல வேண்டும். நேரம் மிஞ்சுவதில்லை. தமிழ்நாட்டின் நான்கு மாவட்டங்களில் 640 மையங்களை எடுத்துக்கொண்டு, பாதி மையங்களில் முன்பருவக் கல்விக்கென்றே அரைநாள் வேலைக்கு ஒரு கூடுதல் ஆளை நியமித்துப் பார்த்தார்கள். அரசு அதற்கு இடம் கொடுத்தது. குழந்தைகளுக்குக் கற்பித்த நேரம் இரட்டிப்பானது. கணக்கிலும் மொழியிலும் அவர்கள் முந்தினார்கள். பழைய ஊழியருக்கு நேரம் கிடைத்ததால் வளர்ச்சி குன்றிய குழந்தைகளின் விகிதமும் குறைந்தது. கணக்கிட்ட பலன் செலவைவிடப் பல மடங்கு. செலவு, ஒரு மையத்துக்கு ஓர் அரைநாள் ஊழியரின் சம்பளம்.

உலகமே மேற்கோள் காட்டும் இந்தச் சான்றைத் தந்தது நம் மண், நம் ஊழியர்கள், நம் துறை. மூன்று வயதுக் குழந்தைக்கு என்ன செய்தால் பலிக்கும் என்பதை இவ்வளவு தெளிவாகத் தெரிந்துவைத்திருக்கும் அரசுகள் அதிகமில்லை. அந்தக் கூடுதல் ஆள் மாநிலத்தின் 54,000க்கும் மேற்பட்ட மையங்களுக்கு இன்னும் வந்து சேரவில்லை. அதற்கான அரசாணையில் கையெழுத்திடப்போகிறவர் யாராக இருந்தாலும், அவரைப் பாராட்ட இதைவிட நீளமாக எழுதுவேன். அதில் ஒரு சொல்லுக்குக்கூட இரண்டாம் பொருள் இருக்காது.