அமமா

மே இரண்டாம் ஞாயிறு, அன்னையர் தினம், முடிந்து நான்கு நாளாகிவிட்டது. எரிச்சல் இன்னும் இறங்கவில்லை. அன்று காலை ஆறரைக்குப் போனைத் திறந்தால் வரிசையாக அம்மாக்கள். வாரம் முழுக்கப் பெற்றவளின் போனை "அப்புறம் பேசறேம்மா" என்று துண்டிக்கிற பயல்கள் எல்லாம் ஸ்டேட்டஸில் அவளைத் தெய்வமாக்கி வைத்திருந்தார்கள். ஒருவன் அம்மா தோளில் கை போட்டு நிற்கிறான். அந்த அம்மாவின் கண் மட்டும் அடுப்படிப் பக்கம் திரும்பியிருக்கிறது. பால் பொங்கியிருக்கும், பாவம்.

நானும் போட்டேன். பத்து வருஷத்துக்கு முந்தைய படம். அதில் அம்மாவைவிட நான் நன்றாக இருக்கிறேன், அதனால்தான். அம்மாவிடம் இருப்பது பட்டன் போன். ஸ்டேட்டஸ் போட்ட நேரத்தில் அவள் அடுத்த அறையில் வெற்றிலை இடித்துக்கொண்டிருந்தாள்.

அன்றைக்குச் சாயங்காலம் அம்மா என்னிடம் ஒரு வார்த்தை சொன்னாள். அதைச் சொல்லத்தான் உட்கார்ந்தேன். அதற்கு முன்னால் கேக்.

கேக் வாங்கியிருக்கவே மாட்டேன். மருமகன் ஒருத்தன் அம்மு சுவாமிநாதன் படத்தைப் போட்டு, "எங்க ஆனைக்கரை தந்த அன்னை" என்று எழுதியிருந்தான். அட மடையா, அது பாலக்காட்டு ஆனைக்கரை. பட்டாம்பிப் பக்கம். நாம் இருப்பது இடுக்கியில், ஏலக்காட்டுக்கு நடுவே. அந்த அம்மாள் கேப்டன் லட்சுமியையும் மிருணாளினி சாராபாயையும் பெற்றவர், அரசியல் நிர்ணய சபையில் உட்கார்ந்தவர், 1975-ல் சிறந்த அன்னை என்று பட்டம் வாங்கியவர். அவருக்கும் நமக்கும் ஊர்ப் பெயர் ஒன்று என்பதைத் தவிர ஒட்டும் இல்லை, உறவும் இல்லை. கல்யாணத்துக்கு முன்பே, "எத்தனை மணிக்கு வீட்டுக்கு வருவாய் என்று என்னைக் கேட்கக் கூடாது" என்று மாப்பிள்ளையிடம் நிபந்தனை போட்டவர் என்பார்கள். என் அம்மா அந்தக் கேள்வியைத் தவிர வேறெதையும் என்னிடம் கேட்டதில்லை. எனக்கு வயது ஐம்பத்திரண்டு.

ஊர் மாறினாலும் ரோஷம் ரோஷம்தானே. கட்டப்பனைக்குப் பஸ் ஏறி ஒரு பேக்கரிக்குப் போனேன். "என்ன எழுதணும் சேட்டா?" என்றான் கல்லாப் பையன். அம்மா என்று, தமிழில். கேக்கில் எழுதுகிற மாஸ்டர் வங்காளி. தமிழும் தெரியாது, மலையாளமும் அரைகுறை. ஒரு பில்லைத் திருப்பி, பின்பக்கம் "அம்மா" என்று கொட்டை எழுத்தில் எழுதிக் கொடுத்தேன். அவர் அதைப் படம் வரைகிற மாதிரி பார்த்துப் பார்த்து வரைந்தார். அ அழகாக வந்தது. சுழி போட்டு வால் வளைத்து, என் வாத்தியார்கூட அப்படிப் போட்டதில்லை. அப்புறம் ஒரு ம. அப்புறம் ஒரு மா. முடிந்தது.

அமமா.

"புள்ளி?" என்றேன். பில்லைக் காட்டினார். பேனா கசிந்த பொட்டு என்று நினைத்தாராம். பையனிடம் விளக்கினேன். மலையாளத்தில் இரண்டு ம-வும் ஒன்றோடொன்று ஒட்டிக்கொள்ளும், அவனுக்குப் புள்ளி எதற்கு என்றே புரியவில்லை. புள்ளிக்கு அவர்கள் பாஷையில் குத்து. அவன் உள்ளே திரும்பி இந்தியில் ஏதோ சொல்ல, எனக்குப் புரிந்ததெல்லாம் "குத்து, குத்து" மட்டும். மாஸ்டர் கொஞ்சம் பயந்துபோய் அ-வின் தலையில் ஒரு குத்து வைத்தார். அங்கே இல்லை என்றேன். கத்தியால் வழித்துவிட்டு மா-வின் தலையில் வைத்தார். அங்கேயும் இல்லை. அதையும் வழித்தார். நடு ம-வை நான் விரலால் காட்டப்போய், என் விரல் நுனி கிரீமில் பட்டு, புள்ளி வரவேண்டிய இடத்தில் பள்ளம் விழுந்தது. மாஸ்டர் பள்ளத்தையும் பூசி மெழுகி, இனி இதைத் தொட மாட்டேன் என்கிற முகத்தோடு உள்ளே போய்விட்டார். பையன், இது எதற்குச் சேட்டா என்று ஆங்கிலத்தில் அன்னையர் தின வாழ்த்து அச்சடித்த சாக்லேட் தகடு ஒன்றை நீட்டினான். அதிலும் எஸ்ஸுக்கு முன்னால் வரவேண்டிய மேற்குறியைக் காணோம்.

அந்தக் குறிக்காகச் சண்டை போட்ட ஒருத்தி இருந்தாள். இந்த நாளை 1908-ல் அமெரிக்காவில் தொடங்கிவைத்த ஆனா ஜார்விஸ். அவரவர் தம் ஒரே அம்மாவை நினைக்க வேண்டும், ஊரிலுள்ள அம்மாக்களை மொத்தமாக அல்ல, ஆகவே ஒருமையில்தான் எழுத வேண்டும் என்பது அவள் கட்சி. 1914-ல் அரசாங்கம் அதை நாடு முழுக்க அறிவித்தது. பூக்கடைக்காரரும் அட்டைக்காரரும் புகுந்து வியாபாரமாக்கியதும், தான் தொடங்கியதைத் தானே ஒழிக்க அலைந்தாள். முடியவில்லை. அவளுக்குப் பிள்ளை கிடையாது. நாம் வைத்த பெயரோ "அன்னையர்". பன்மை. அதிலும் அன்னை என்ற சொல்லை ரைஸ்மில்லுக்கும் கல்யாண மண்டபத்துக்கும் வைத்துப் பார்த்திருக்கிறேன். எவன் வீட்டில், "அன்னையே, குழம்பு இருக்கா?" என்று கேட்கிறான்?

ஸ்டேட்டஸ்காரர்களை இன்னொன்றும் கேட்க வேண்டும். 2015-ல் மூணாறில் தேயிலைத் தோட்டத்து அம்மாக்கள் 20 சதவீத போனஸ் கேட்டு ரோட்டில் உட்கார்ந்தார்களே, அன்றைக்கு இதே வாய்கள் பஸ் நின்றுபோனதற்குத்தான் முணுமுணுத்தன. என் அம்மா கம்பத்திலிருந்து விடியுமுன் ஜீப்பில் தொற்றிக்கொண்டு, கம்பம்மெட்டு ஏறி, அட்டைக்கடிக்கு நடுவே குனிந்து காய் எடுத்தவள். அந்த இடுப்பு இன்றைக்கும் முழுசாக நிமிரவில்லை. அதைப் படம் எடுத்துப் போட எனக்கும் தைரியம் இல்லை. அதனால்தான் பத்து வருஷப் பழைய படம்.

கேக்குக்கு வருவோம். வீட்டுக்கு வந்து பெட்டியைத் திறந்தேன். ஐந்தாவதோடு படிப்பை நிறுத்திய அம்மா கண்ணாடியை மாட்டி எழுத்துக் கூட்டினாள். "அ… ம… மா. ஏண்டா, புள்ளி எங்க?" மூன்று மணி நேரம், இரண்டு பஸ், எண்ணூற்றைம்பது ரூபாய். நான் வாய் திறக்கவில்லை. அம்மா எழுந்துபோய் அஞ்சறைப்பெட்டியிலிருந்து ஓர் ஏலக்காயை எடுத்து உரித்து, ஒரே ஒரு விதையை நகத்தில் ஏந்தி வந்து, நடு ம-வின் தலையில் வைத்து அழுத்தினாள். சரியான இடம். மெழுகிய தடத்துக்கு மேலேயே.

பிறகு விலை கேட்டாள். சொன்னேன். அதற்குப் பிறகு நடந்ததை எழுத இந்தப் பத்திரிகையில் இடமில்லை. சாயங்காலம் அவள் சொன்ன வார்த்தையும் இதனால் நின்றுபோகிறது, இன்னொரு சமயம் பார்ப்போம்.

கேக் பெட்டி இப்போது கொல்லையில் இருக்கிறது. அதில் வைக்கோல் போட்டுக் கோழியை அடை வைத்திருக்கிறாள். ஏழு முட்டை.