பரணிலிருந்து ஒரு குறும்படம்

சார்லஸ் ஈம்ஸ், ரே ஈம்ஸ் என்ற அமெரிக்க வடிவமைப்பாளர் தம்பதி 1949-ல் லாஸ் ஏஞ்சலீஸில் இரும்புச் சட்டமும் கண்ணாடியுமாக ஒரு வீடு கட்டிக் குடிபோனார்கள். 1955-ல் அந்த வீட்டையே பத்து நிமிடச் சொச்சம் ஓடும் குறும்படமாக்கினார்கள். ‘ஹவுஸ்: ஆஃப்டர் ஃபைவ் இயர்ஸ் ஆஃப் லிவிங்’ என்று பெயர். வசனம் கிடையாது, எல்மர் பெர்ன்ஸ்டைனின் இசை மட்டும்.

படம் முழுக்க ஸ்டில் போட்டோக்கள். சூட்சுமமே அதில்தான் என்பது என் சந்தேகம். ஒரு போட்டோவுக்கும் அடுத்ததற்கும் நடுவே யார் எதைக் கட்டிலுக்கடியில் தள்ளினார்களோ, யார் கண்டது? காலிங்பெல் அடித்ததும் கதவைத் திறப்பதற்குள் நான் செய்வதும் அதுதானே.

என் வீட்டைப் படமெடுத்தால் கேமரா நேரே பரணுக்குத்தான் போகவேண்டும். ஃபியூஸ் போன பல்புகள் (கடையில் மாதிரி காட்ட), டிவி வந்த அட்டைப்பெட்டி (வீடு மாற்றினால் வேண்டுமே, சொந்த வீடுதான், இருந்தாலும்), கட்டிலை மாட்டியபோது மிஞ்சிய திருகாணிகள், நோக்கியாவின் சின்ன பின் சார்ஜர். கட்டில் அன்றிலிருந்து கிறீச்சிடுகிறது.

ஈம்ஸ் தம்பதியும் என் ஜாதிதான். 1941-ல் கல்யாணமான கையோடு காரில் கலிபோர்னியா வரும் வழியில் கிடந்த காய்ந்த முட்செடியைப் பொறுக்கிவந்து, பிறகு கூடத்தில் தொங்கவிட்டார்கள். எங்கள் கூடத்திலும் தொங்குகிறது, ஒட்டடை. இதை மனைவியிடம் எடுத்துச் சொன்னேன்.

“அவங்க ஆசைப்பட்டுப் பொறுக்கினாங்க. நீங்க தூக்கிப்போடச் சோம்பல்பட்டு வெச்சிருக்கீங்க” என்றாள்.

நானா விடுவேன்? 1958-ல் இந்திய அரசின் அழைப்பில் ஈம்ஸ் தம்பதி இந்தியா சுற்றி எழுதிக்கொடுத்த அறிக்கையை எடுத்தேன். அகமதாபாத்தில் தேசிய வடிவமைப்பு நிறுவனம் 1961-ல் உருவாக வழிவகுத்த அறிக்கை அது. இந்தியாவில் பார்த்த பொருள்களிலேயே மிக அழகானது என்று அவர்கள் தூக்கிவைத்துக் கொண்டாடியது எதைத் தெரியுமா? சொம்பை!

“நம்ம வீட்டுச் சொம்பு எங்கே?” என்றாள் மனைவி, அவளுக்குச் சீராக வந்த பித்தளைச் சொம்பு. பரணில் இருந்தது. உள்ளே மேற்படி திருகாணிகள்.

சொம்பு இப்போது புளி போட்டுத் துலக்கப்பட்டு ஷோகேஸில் இருக்கிறது. பரணில் பாதி, காயலான் கடைக்குப் போயாயிற்று. போராடி ஒன்றை மட்டும் காப்பாற்றினேன். யாரிடமாவது பழைய நோக்கியா போன் சும்மா கிடந்தால் சொல்லுங்கள்; சார்ஜர் தயார்.